கேத்லீன் கென்னடியும் சிறந்த படத்துக்கான ஆஸ்கரும்: ஒரு சின்னத் திருத்தம்

'ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்' படத்துக்காக ஹாலிவுட் தயாரிப்பாளர் கேத்லீன் கென்னடி சிறந்த படத்துக்கான ஆஸ்கரை வென்றார் என்று ஒருவர் சொல்லியிருக்கிறார். அந்தப் படத்தில் அவருக்குப் பங்கு உண்டு, விருதில்தான் இல்லை. 1994 விழாவில் அதைப் பெற்றவர்கள் ஸ்டீவன் ஸ்பீல்பெர்க், ஜெரால்ட் மோலன், பிராங்கோ லுஸ்டிக் ஆகிய மூவர்.

கென்னடி அதில் எக்சிகியூட்டிவ் புரொடியூசர் (நிர்வாகத் தயாரிப்பாளர்). ஆஸ்கரோ 'புரொடியூசர்' என்று டைட்டிலில் வருபவர்களுக்கு மட்டுமே சிறந்த படத்துக்கான விருதைக் கொடுக்கிறது. குழப்பம் வருவதில் ஆச்சரியமில்லை. டிவி தொடர்களில் நிலைமை தலைகீழ்: அங்கே எக்சிகியூட்டிவ் புரொடியூசர்தான் பெரும்பாலும் முதல் ஆள், டிவிக்கான எம்மி விருதுப் பட்டியலிலும் அவர் பெயர் இருக்கும். இரண்டு துறையிலும் இருப்பவர்களின் விவரத்தைப் படிக்கும்போது இதைக் கவனிக்காவிட்டால் கணக்கு தப்பிவிடும்.

சரிபார்க்க நினைப்பவர்கள் ஆஸ்கர் அகாதெமியின் இணையதளத்தில் உள்ள விருதுத் தரவுத்தளத்தில் அவர் பெயரைத் தேடலாம், இலவசம்தான். 'ஈ.டி.', 'தி கலர் பர்ப்பிள்', 'லிங்கன்' என்று புரொடியூசராகப் பல பரிந்துரைகள் வரும். 'ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்' பதிவில் படத்தின் பெயருக்கு அருகே அந்த மூவர் பெயர்தான் இருக்கும். படம் கையில் இருந்தால் டைட்டில் கார்டை நிறுத்திப் பார்த்தாலும் போதும்.

அப்புறம், அகாதெமி அவரைக் கௌரவிக்காமல் இல்லை. 2018இல் தன் கணவரும் தயாரிப்பாளருமான ஃபிராங்க் மார்ஷலோடு சேர்ந்து, தயாரிப்பாளர்களுக்கு அகாதெமி தரும் இர்விங் தால்பெர்க் நினைவு விருதைப் பெற்றார். அது வேறு விருது, ஆஸ்கர் சிலைகூட அல்ல, தால்பெர்கின் மார்பளவுச் சிலை.