ஊரடங்கு நாளில் வேலைக்கு வந்த 42 பேர்

மாமாவின் கேஸைப் பற்றி இங்கே எழுதலாமா என்று ரொம்ப நாள் யோசித்தேன். கம்பெனி பெயர் கேட்காதீர்கள், சொல்லமாட்டேன். பெங்களூர் பீன்யாவில் லேத் ஓடும் எத்தனையோ ஷெட்களில் ஒன்று.

2017 ஜனவரியில், "நாளையிலிருந்து வராதே" என்று வாயால் சொல்லி அனுப்பிவிட்டார்கள். நோட்டீஸும் இல்லை, இழப்பீடும் இல்லை. அப்போது இருந்த தொழில் தகராறு சட்டப்படி, முந்தைய 12 மாதத்தில் 240 நாள் வேலை பார்த்த ஆளை அப்படி அனுப்ப முடியாது. ஆக, மொத்தச் சண்டையும் அந்த 240-இல்தான். பயோமெட்ரிக் வருகைப் பதிவு என்று ஒரு கட்டுக் காகிதத்தைக் கம்பெனி லேபர் கோர்ட்டில் போட்டது. கூட்டிப் பார்த்தால் 231.

அதில் இருந்த ஓட்டையைக் கண்டுபிடித்தது வக்கீல் இல்லை, மாமி. 2016 செப்டம்பர் 13. அந்தப் பதிவுப்படி மாமா ஆப்சென்ட். மற்ற 42 பேரும் காலை ஒன்பதுக்கு வந்து மாலை ஆறுக்குப் போயிருக்கிறார்கள். அது என்ன நாள் என்று பெங்களூர்த் தமிழர் யாரை வேண்டுமானாலும் கேளுங்கள். முந்தின நாள்தான் காவிரிப் பிரச்சினையில் தமிழ்நாட்டு பஸ்கள் எரிந்தன. 16 போலீஸ் ஸ்டேஷன் எல்லைகளில் ஊரடங்கு, பீன்யாவும் சேர்த்து. பக்ரீத் வேறு. "நம்ம தெருவுக்குப் பாலே வரலை, இவங்க மட்டும் எப்படிப் போனாங்க?" என்றார் மாமி.

எனக்கு உடனே கிரிமினல் கேஸ் போடவேண்டும் போலிருந்தது. வக்கீல் அடக்கினார். ஷிஃப்ட் நேரத்தை சாஃப்ட்வேரே நிரப்பிவிட்டது என்பார்களாம். (அப்படியானால் மாமாவுக்கு மட்டும் ஏன் நிரப்பவில்லை?) போலி என்று கத்துவதைவிட மூலத்தைக் கேட்பதுதான் வழி என்றார். மெஷினில் இருக்கும் பதிவு, சம்பளப் பதிவேடு, அப்புறம் இ.எஸ்.ஐ., பி.எஃப். கணக்கு. எத்தனை நாளுக்குச் சம்பளம் என்று இ.எஸ்.ஐ.க்கு மாதாமாதம் கம்பெனியே எழுதிக் கொடுக்கிறது. பி.எஃப். ரிட்டர்னில் சம்பளமில்லாத நாட்களுக்குத் தனிக் கட்டமே உண்டு. கோர்ட்டில் ஒரு கணக்கு, அங்கே ஒரு கணக்கு என்றால் மாட்டிக்கொள்வார்கள்.

240 நாளை நிரூபிக்கும் பாரம் தொழிலாளி மேல் என்று 2002-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. பதிவேடு முதலாளியின் பீரோவில் இருக்கும்போது லேத் ஓட்டுகிறவர் எதை வைத்து நிரூபிப்பார்? 2005-இல் யெல்லட்டி என்ற தொழிலாளியின் வழக்கில் கொஞ்சம் வழி திறந்தது: பதிவேட்டைக் கொண்டுவரச் சொல்லி தொழிலாளி கேட்கலாம். ஆனால் கேட்கவேண்டும் என்பதே பலருக்குத் தெரியாது.

2024 ஜூலையிலிருந்து புதிய சாட்சியச் சட்டத்தில், மின்னணு ஆவணத்துக்கான சான்றிதழில் ஹேஷ் எண்ணும் (கோப்பிலிருந்தே கணக்கிடும், அதன் கைரேகை மாதிரியான ஓர் எண்) தரவேண்டும். நல்லதுதான். ஆனால் எண் எடுத்த பிறகு யாரும் கை வைக்கவில்லை என்பதைத்தான் அது காட்டும். அதற்கு முன்பே திருத்திய கோப்புக்கும் ஒழுங்காக ஒரு ஹேஷ் எண் வரும்.

நிர்வாகத் தரப்பு சாட்சி குறுக்கு விசாரணையில், அந்த மெஷின் பழுதாகி எக்ஸ்சேஞ்சில் போய்விட்டது என்றார். அடுத்த வாய்தாவுக்கு முன்பே சமரசம் பேச ஆள் வந்தது. மாமா பணத்தை வாங்கிக்கொண்டார். அவரைக் குறை சொல்லமாட்டேன், பெண்ணுக்குக் கல்யாணம் வைத்திருந்தார். பொதுவாக, பொய்ச் சாட்சியம் தந்தவர்மேல் புகார் கொடுக்கச் சொல்லிக் கோர்ட்டையே கேட்க வழி உண்டு. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 340-ஆவது பிரிவு அதற்குத்தான் இருந்தது. கேஸே முடிந்துவிட்டதால் அதை யாரும் எடுக்கவில்லை. அந்தக் காகிதத்தை யார் தயாரித்தார் என்று இன்றுவரை எங்களுக்குத் தெரியாது.

அந்த செப்டம்பர் பக்கத்தின் நகலை மட்டும் மாமி ரேஷன் கார்டோடு சேர்த்து வைத்திருக்கிறார்.