பிரிட்டிஷ் டாப் 40-ஐ விதிகளோடு சேர்த்துப் படியுங்கள்

2000-களின் பிரிட்டிஷ் பாப் பற்றிப் பேச்சு வந்தாலே ஒரு வாதம் தவறாமல் வந்துவிடுகிறது. அந்த ஊர் ரசிகர்களுக்கு அப்போது எதிலும் நிலையான விருப்பம் இல்லை, வாரத்துக்கு ஒரு பாட்டைத் தூக்கி வைத்துவிட்டு அடுத்த வாரம் கீழே போட்டார்கள். பிறகு ரசனை மாறி, ஒரே பாட்டை மாதக்கணக்கில் கேட்கத் தொடங்கினார்கள் என்பார்கள். கையில் புள்ளிவிவரமும் இருக்கும். அந்த நாட்டில் வாரந்தோறும் முன்னணிப் பாடல்களை வரிசைப்படுத்தும் டாப் 40 பட்டியலில், 2000-ஆம் ஆண்டில் மட்டும் 40-க்கும் மேற்பட்ட பாடல்கள் முதலிடத்தைப் பிடித்தன. 2016-இல் அந்த எண்ணிக்கை சுமார் ஒரு டஜன்தான். ட்ரேக்கின் ஒரே பாட்டு 15 வாரம் அசையாமல் உட்கார்ந்திருந்தது.

எண்கள் சரி, முடிவு தப்பு. பதினாறு வருஷத்தில் ஒரு நாட்டின் காது இப்படித் தலைகீழாக மாறிவிடாது. எதை எண்ணுவது, எப்போது எண்ணுவது, எவ்வளவு மதிப்புக் கொடுத்து எண்ணுவது என்ற விதிகள்தான் இந்த இடைவெளியில் பல முறை மாறின. 'டிரெண்ட்' என்று நாம் பெயர் சூட்டும் பலதும் அந்த விதிமாற்றங்களின் தடயம்தான்.

முதலில் 2000 முதல் 2004 வரை ஒரு சிங்கிள், அதாவது ஆல்பமாக இல்லாமல் தனியாக விற்கும் பாட்டு, எப்படி வெளியானது என்று பார்ப்போம். பாட்டு கடைக்கு வர ஆறேழு வாரம் முன்பே வானொலிக்குப் போய்விடும். வீடியோ மியூசிக் சேனல்களில் ஓடும். கேட்டவருக்குப் பிடித்துவிடும், ஆனால் வாங்க வழி இருக்காது. ஆசை அத்தனை வாரமும் தேங்கி நிற்கும். பிறகு ஒரு திங்கட்கிழமை சிடி கடைக்கு வரும். ஒரு சிடி இல்லை, இரண்டு: சிடி 1-இல் ஒரு ரீமிக்ஸ், சிடி 2-இல் வேறு பாட்டும் வீடியோவும். கூடவே கேசட், வினைல் அல்லது டிவிடி. மூன்று வடிவங்கள் வரை ஒரே பாட்டின் கணக்கில் சேரும். உயிர் ரசிகர் மூன்றையும் வாங்குவார். அதாவது ஒரே ஆள், மூன்று விற்பனை.

விலையிலும் அதே திட்டம். முதல் வாரம் 1.99 பவுண்ட், இரண்டாம் வாரம் 3.99. கம்பெனிகள் முதல் வாரத்துக்கென்றே கடைகளுக்குச் சரக்கைத் தள்ளுபடியில் கொடுக்கும். செவ்வாய், புதன் வாக்கில் அந்த வாரத்தின் பாதிக் கணக்கு தொழிலில் உள்ளவர்களுக்குத் தெரிந்துவிடும். நூலிழையில் போட்டி என்றால் கடைகளில் கையெழுத்துப் போடும் நிகழ்ச்சிகள் கூடும். ஞாயிறு மாலை பிபிசி ரேடியோ 1-இல் பட்டியல் வாசிக்கப்படும். அடுத்த திங்கள் விலை இரட்டிப்பாகும், வேறொரு பாட்டு 1.99-க்கு வந்து நிற்கும்.

இப்படி அமைத்த ஏற்பாட்டில் வாரம் ஒரு நம்பர் ஒன் வராமல் வேறென்ன வரும்? பாட்டு முதலிடத்தில் நுழைந்து மறு வாரம் நாலுக்கோ ஒன்பதுக்கோ சறுக்கினால் மக்கள் அதை வெறுத்துவிட்டார்கள் என்று அர்த்தம் இல்லை. வாங்க நினைத்தவர்கள் எல்லாரும் முதல் ஆறு நாளில் வாங்கி முடித்துவிட்டார்கள், அவ்வளவுதான். வெஸ்ட்லைஃப் குழுவின் முதல் ஏழு சிங்கிள்களும் வரிசையாக முதலிடம் பிடித்ததில் அவர்களுடைய ரசிகர் படைக்கு எவ்வளவு பங்கோ, போட்டி குறைவான வாரமாகப் பார்த்து வெளியிட்ட நாள்குறிப்புக்கும் அவ்வளவு பங்கு உண்டு.

இந்த முறையின் பலவீனம் 2005 ஜனவரியில் அப்பட்டமாகத் தெரிந்தது. எல்விஸ் பிரெஸ்லியின் 70-ஆவது பிறந்தநாளை ஒட்டி அவருடைய பழைய நம்பர் ஒன் பாடல்களை வாரத்துக்கு ஒன்றாக, குறைந்த எண்ணிக்கையில் மறுபடி வெளியிட்டார்கள். தொடரின் முதல் சிடி, மொத்தத் தொடரையும் அடுக்கி வைக்கும் பெட்டியோடு வந்தது. பெட்டி என்பது இலவசப் பொருள், அதனால் அந்தப் பாட்டுக்குப் பட்டியலில் இடமே இல்லை என்றது விதி. அடுத்து வந்த 'ஜெயில்ஹவுஸ் ராக்' பெட்டி இல்லாமல் வந்தது, முதலிடம். அதற்கு மறு வாரம் 'ஒன் நைட்' முதலிடம். 1952 நவம்பரில் தொடங்கிய பட்டியலின் 1000-ஆவது நம்பர் ஒன் என்ற பெருமை அதற்குத்தான் கிடைத்தது. அந்த வாரம் அது விற்றது சுமார் 20,000 பிரதிகள். மூன்று வருஷம் முன்பு, 2002-இல், வில் யங்கின் 'எவர்கிரீன்' ஒரே வாரத்தில் 11 லட்சம் பிரதிகளைத் தாண்டியது. இரண்டுக்கும் பட்டியலில் ஒரே எண்தான்: 1.

அதனால்தான் இடத்தை மட்டும் பார்த்து வரலாறு எழுதக்கூடாது என்கிறேன். இடம் என்பது அந்த வாரம் கூட யார் ஓடினார்கள் என்பதைப் பொறுத்தது. கிறிஸ்துமஸுக்கு முந்தைய வாரம் ஒரு லட்சம் விற்றும் மூன்றாமிடம் வரலாம், ஜனவரியில் அதில் ஐந்தில் ஒரு பங்கு விற்று முதலிடம் வரலாம்.

2004-இல் சிங்கிள் விற்பனை வருஷத்துக்குச் சுமார் 3 கோடியாகச் சுருங்கியிருந்தது. டிவி திறமைப் போட்டிகள் இசையைக் கெடுத்துவிட்டன என்று அன்று பழி போட்டார்கள். ஒரு பாட்டுக்கு நாலு பவுண்ட், ஆல்பத்துக்குப் பத்து பவுண்ட் என்றால் யார் சிங்கிள் வாங்குவார்கள்? இணையத்தில் அதே பாட்டு திருட்டுத்தனமாக இலவசமாகக் கிடைத்தது. போட்டி நிகழ்ச்சிகள் உண்மையில் விற்பனையைத் தாங்கித்தான் பிடித்தன. அந்தப் போட்டிகளில் இருந்து வந்த வில் யங், கேரத் கேட்ஸ் இல்லாவிட்டால் 2002-இன் கணக்கு இன்னும் மோசமாக இருந்திருக்கும்.

இனி டவுன்லோடு காலம். என் பார்வையில் இந்தக் கதையின் சிறந்த பகுதி இதுதான்.

ஆப்பிளின் இணையப் பாட்டுக் கடையான ஐடியூன்ஸ் 2004 ஜூனில் பிரிட்டனில் திறந்தது. ஒரு பாட்டு 79 பென்ஸ். அந்த செப்டம்பரில் டவுன்லோடுக்கென்று தனிப் பட்டியல் வந்தது. 2005 ஏப்ரலில் டவுன்லோடுகளை முக்கியப் பட்டியலில் சேர்த்தார்கள், ஆனால் ஒரு நிபந்தனையோடு: பாட்டு கடையிலும் சிடியாகக் கிடைக்க வேண்டும். பட்டியலின் சொந்தக்காரர்கள் இரு தரப்பு. ஒன்று ரெக்கார்டு கம்பெனிகளின் சங்கம், இன்னொன்று கடைக்காரர்களின் சங்கம். தங்கள் அலமாரியில் இல்லாத பாட்டு முதலிடத்தில் நிற்பதைக் கடைக்காரர்கள் எப்படி ஒப்புவார்கள்? அந்த நிபந்தனை அங்கிருந்து வந்தது. 2006 மார்ச்சில் கொஞ்சம் தளர்த்தி, சிடி வருவதற்கு ஒரு வாரம் முன்பிருந்தே டவுன்லோடு எண்ணப்படும் என்றார்கள்.

அந்தத் தளர்வைப் பயன்படுத்தி உடனே மேலேறியது நார்ல்ஸ் பார்க்லியின் 'க்ரேசி'. 2006 ஏப்ரலில், கடையில் ஒரு சிடிகூட விற்காமலே முதலிடம் பிடித்த முதல் பாட்டு. ஒன்பது வாரம் அங்கேயே இருந்தது. பிறகு, மக்களுக்குச் சலித்துப்போவதற்குள் நிறுத்திவிடலாம் என்று சிடியைச் சந்தையிலிருந்து திரும்பப் பெற்றுக்கொண்டார்கள். இங்கேதான் விதி குறுக்கே வந்தது. சிடி நிறுத்தப்பட்டு இரண்டு வாரம் ஆனால் பாட்டு பட்டியலிலிருந்தே விலக்கப்படும். டவுன்லோடில் ஆயிரக்கணக்கில் விற்றுக்கொண்டிருந்த பாட்டு, மேல்வரிசையில் இருந்தபோதே ஒரு ஞாயிற்றுக்கிழமை மாயமானது. அந்த வாரப் பட்டியலை மட்டும் பார்ப்பவர் 'க்ரேசி'யின் மவுசு ஒரே நாளில் தீர்ந்தது என்றுதானே நினைப்பார்?

2007 ஜனவரி 1 முதல் நிபந்தனை முழுக்கப் போனது. எந்தப் பாட்டாக இருந்தாலும், சிடி இருந்தாலும் இல்லாவிட்டாலும், டவுன்லோடில் விற்றால் எண்ணப்படும். முதல் வாரமே ஸ்னோ பேட்ரோலின் 'சேசிங் கார்ஸ்' மறுபடி டாப் 10-க்குள் நுழைந்தது. 'க்ரேசி'யும் டாப் 40-க்குத் திரும்பியது. கம்பெனி ஒப்பந்தமே இல்லாத கூப்பா என்ற எசெக்ஸ் குழு டாப் 40-க்குள் வந்தது. ரேடியோ 1-இன் காலை நிகழ்ச்சியில் கிளப்பிவிட்டதில் பில்லி பைப்பரின் 1999 பாட்டு ஒன்று 17-ஆம் இடம் வரை ஏறியது. பழைய பாட்டு, புதுப் பாட்டு என்ற சுவர் ஒரே மாதத்தில் விழுந்தது.

'சேசிங் கார்ஸ்' 2006-இல் தொட்ட உச்சம் 6-ஆம் இடம்தான். ஆனால் இந்த நூற்றாண்டில் பிரிட்டிஷ் வானொலிகளில் மிக அதிகமாக ஒலித்த பாட்டு அதுதான் என்று 2019-இல் பிபிஎல் உரிம அமைப்பு அறிவித்தது. தி கில்லர்ஸ் குழுவின் 'மிஸ்டர் பிரைட்சைட்' கதையும் இப்படியே: 2004-இல் 10-ஆம் இடம் வரை வந்து இறங்கிவிட்டது, டவுன்லோடும் ஸ்ட்ரீமிங்கும் (வாங்காமல் இணையத்திலேயே கேட்பது) எண்ணப்படத் தொடங்கிய பிறகு டாப் 100-இல் 400 வாரங்களுக்கு மேல் இருந்திருக்கிறது. பழைய விதி தொடர்ந்திருந்தால் இவை இரண்டும் சுமாரான வெற்றிகள் என்றே பதிவாகியிருக்கும்.

நம்மவர் கவனிக்க வேண்டிய ஒன்றும் இதில் உண்டு. ஈழத் தமிழ்ப் பெற்றோருக்கு லண்டனில் பிறந்த மாயா அருள்பிரகாசம், அதாவது எம்.ஐ.ஏ., 2007-இல் வெளியிட்ட 'கலா' ஆல்பத்தில் இருந்தது 'பேப்பர் பிளேன்ஸ்'. 2008-இல் ஒரு ஹாலிவுட் படத்தின் முன்னோட்டம் வழியாகப் பரவி, டவுன்லோடு விற்பனையில் மெல்ல மெல்ல ஏறி 19-ஆம் இடம் தொட்டது. முதல் வாரத்திலேயே எல்லாம் முடிந்துவிடும் 2002-இன் முறையில் இப்படி நிதானமாக ஏறுவதற்கு வழியே இருந்திருக்காது.

2009 கிறிஸ்துமஸ் இந்த முறையின் பலத்துக்குச் சரியான சான்று. அதற்கு முந்தைய நான்கு வருஷமும் எக்ஸ் ஃபேக்டர் என்ற டிவி பாட்டுப் போட்டியின் வெற்றியாளரின் பாட்டே கிறிஸ்துமஸ் நம்பர் ஒன். அந்த வருஷம் முகநூலில் தொடங்கிய ஒரு பிரசாரம், ரேஜ் அகெய்ன்ஸ்ட் தி மெஷின் குழுவின் 1992-ஆம் வருஷத்துப் பாட்டை டவுன்லோடு செய்யச் சொன்னது. முடிவு: அந்தப் பாட்டு 5 லட்சத்துக்கும் மேல், அந்த வருஷத்து எக்ஸ் ஃபேக்டர் வெற்றியாளர் ஜோ மெக்எல்டெரியின் பாட்டு சுமார் 4.5 லட்சம். ஒவ்வொன்றும் யாரோ ஒருவர் கைக்காசு கொடுத்து வாங்கியது. 2007 முதல் 2014 வரையிலான பட்டியலைத்தான் நான் நேர்மையான பட்டியல் என்பேன். எந்தப் பாட்டையும் யாரும் வாங்கலாம், வாங்கினால் ஒன்று என்று எண்ணப்படும். அவ்வளவு எளிமை அதற்கு முன்பும் இல்லை, பின்பும் இல்லை. சிங்கிள் விற்பனை 2009-இலேயே 15 கோடியைத் தாண்டியது. ஐந்து வருஷத்தில் ஐந்து மடங்கு.

குறை இல்லாமல் இல்லை. வானொலியில் ஓடவிட்டு வாரக்கணக்கில் காக்கவைக்கும் பழைய பழக்கத்தைக் கம்பெனிகள் விடவில்லை. அசல் பாட்டு கடைக்கு வராத அந்த இடைவெளியில், அதே பாட்டை அச்சுப் பிசகாமல் பாடிய நகல்கள் ஐடியூன்ஸில் விற்றன. 2012-இல் மரூன் 5-இன் 'பேஃபோன்' வெளிவருமுன் அதன் நகல் ஒன்று டாப் 10-க்குள்ளேயே வந்துவிட்டது. வானொலிக்கு வரும் நாளிலேயே விற்பனைக்கும் விடுவோம் என்று பெரிய கம்பெனிகள் 2011-இல் அறிவித்தும் முழுதாகக் கடைப்பிடிக்காததன் விலை அது.

2014 ஜூலையில் ஸ்ட்ரீமிங் சேர்ந்தது. 100 முறை கேட்டால் 1 விற்பனை. 2017 தொடக்கத்தில் அது 150 ஆனது. 2018 ஜூலை முதல் சந்தா கட்டிக் கேட்டால் 100, விளம்பரத்தோடு இலவசமாகக் கேட்டால் 600. 30 வினாடியாவது ஓட வேண்டும். ஒருவர் ஒரு நாளில் ஒரு பாட்டைப் பத்து முறைக்கு மேல் கேட்டால் மீதி சேராது. இதில் அடிப்படையே மாறிவிட்டது. வாங்குபவர் ஒரு முறைதான் வாங்குவார். கேட்பவர் தினமும் கேட்பார், ஒவ்வொரு முறையும் எண்ணப்படும். பாடல்கள் பட்டியலில் வேரூன்றி நின்றதற்குக் காரணம் இதுதான்.

2017 மார்ச்சில் எட் ஷீரனின் ஆல்பம் வந்த வாரம், அதன் 16 பாடல்களும் டாப் 20-க்குள் இருந்தன. ஆல்பத்தை வரிசையாகக் கேட்ட ஒவ்வொருவரும் 16 சிங்கிள்களுக்கு ஓட்டுப் போட்டதாகக் கணக்கு. உடனே இரண்டு விதிகள் வந்தன. ஒரு முதன்மைக் கலைஞருக்கு மூன்று பாட்டு மட்டுமே. இரண்டாவது, சுமார் பத்து வாரம் இருந்துவிட்ட பாட்டு தொடர்ந்து மூன்று வாரம் சரிந்தால் அதன் ஸ்ட்ரீம்களுக்குப் பாதி மதிப்பு. மூன்று வருஷத்துக்கு மேல் பழைய பாட்டு என்றால் தொடக்கத்திலிருந்தே பாதிதான்.

இரண்டாவது விதியோடுதான் எனக்குச் சண்டை. புதுப் பாட்டுக்கு வழிவிட வேண்டும் என்ற நோக்கம் நல்லதே. ஆனால் வாசகருக்குக் காட்டும் பட்டியலில் எந்தப் பாட்டு முழு மதிப்பில் இருக்கிறது, எது பாதி மதிப்பில் இருக்கிறது என்ற குறியே கிடையாது. 12-இலிருந்து 31-க்கு ஒரு பாட்டு ஒரே வாரத்தில் விழுந்தால் அநேகமாக அது மதிப்பு குறைந்த வாரம். கேட்டவர்கள் எண்ணிக்கை ஏறக்குறைய அப்படியே இருந்திருக்கும். 2022 ஜூனில் கேட் புஷ்ஷின் 1985 பாட்டு ஒரு டிவி தொடர் வழியாகப் புத்துயிர் பெற்றபோது, பாதி மதிப்போடு 2-ஆம் இடம் வரை போராடி வந்தது. பிறகு விலக்கு அளித்தார்கள். அடுத்த பட்டியலில் முதலிடம். அந்த விலக்கு நியாயமானது. ஆனால் மரியா கேரியின் 1994 கிறிஸ்துமஸ் பாட்டு 2020-இல் முதலிடம் பிடித்தது பாதி மதிப்போடுதான் என்பதையும் அந்தப் பட்டியலிலேயே யாராவது எழுதி வைத்திருக்க வேண்டாமா?

இந்தக் காலத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் ஒரு பாட்டின் இடத்தைக் குறிக்கும்போது பக்கத்தில் மூன்று தகவலையாவது சேருங்கள்: அந்த வாரம் அது விற்ற எண்ணிக்கை, இரண்டாம் வாரம் எங்கே இருந்தது, அன்று எது எண்ணப்பட்டது. 2005 ஏப்ரலுக்கு முன்பா, 2007 ஜனவரிக்குப் பிறகா, 2014 ஜூலைக்குப் பிறகா, 2017 ஜூலைக்குப் பிறகா என்று பிரித்துக்கொள்ளுங்கள். இந்தக் கோடுகளைத் தாண்டி ஒரு நம்பர் ஒன்னை இன்னொன்றோடு ஒப்பிடாதீர்கள். பட்டியலை வெளியிடுபவர்களிடம் நான் கேட்பது, பாதி மதிப்பில் உள்ள பாட்டுக்குப் பக்கத்தில் ஒரு நட்சத்திரக் குறியும், டாப் 40 முழுவதற்கும் கழிவு போடாத மூல எண்ணிக்கையும்.