குழைந்த சோறும் கொழகொழத்த சோறும்

போன வருஷம் அம்மாவுக்குப் பக்கவாதம் வந்தது. பதினோரு நாள் கழித்து ஆஸ்பத்திரியிலிருந்து அனுப்பும்போது கையில் ஒரு தாள் கொடுத்தார்கள். மாத்திரைப் பட்டியலுக்குக் கீழே, உணவு என்ற இடத்தில் இரண்டே வார்த்தை: மென்மையான உணவு.

வீட்டுக்கு வந்ததும் இட்லி ஊற்றினேன். நம் ஊரில் மென்மை என்றால் இட்லிதானே? அன்றைக்குப் பார்த்து மெத்து மெத்தென்று வந்திருந்தது. சாம்பாரில் ஊறவைத்து ஊட்டினேன். இரண்டாவது வாயிலேயே இருமல். கண்ணெல்லாம் தண்ணீர், முகம் சிவந்துவிட்டது. பதறிப்போய் ஒரு தம்ளர் தண்ணீர் கொடுத்தேன். இருமல் இன்னும் கூடியது. இட்லி முதல் தப்பு, தண்ணீர் இரண்டாவது தப்பு என்று அப்புறம்தான் தெரிந்தது.

மறுநாள் பேச்சுப் பயிற்சி தருகிற பெண் வந்தது. இருபத்தைந்து வயதுதான் இருக்கும். விழுங்குவதையும் இவர்கள்தான் பார்ப்பார்கள் என்பதே எனக்கு அன்றுவரை தெரியாது. நடந்ததைச் சொன்னேன். "அக்கா, சாம்பார் முன்னாடி ஓடிருது, இட்லி பின்னாடி வருது. ரெண்டையும் ஒரே நேரத்துல சமாளிக்க அவங்க தொண்டைக்கு இப்ப தெம்பு இல்ல" என்றது. தண்ணீர் அதைவிட மோசமாம். தொண்டை மூடி வழிவிடுவதற்குள் ஓடிவிடும், மூச்சுக்குழாய்ப் பக்கம் போய்விடும்.

இதற்கென்று உலக அளவில் ஒரு அளவுகோலே வைத்திருக்கிறார்கள். 0 முதல் 7 வரை எட்டுப் படி. 0 என்றால் தண்ணீர், 4 என்றால் மசித்த கூழ், 7 என்றால் நாம் சாப்பிடுகிற சாதாரணச் சாப்பாடு. அம்மாவுக்கு 4. சோதிக்க மெஷின் எதுவும் வேண்டாம். ஒரு கரண்டியில் எடுத்துச் சாய்த்தால் மொத்தமாக ஒரே கட்டியாக விழ வேண்டும், கரண்டியில் பசை மாதிரி அப்பிக்கொண்டு நிற்கக் கூடாது. முள்கரண்டியில் வைத்தால் மேலே குவிந்து உட்கார வேண்டும், இடுக்கு வழியாகச் சொட்டிக்கொண்டே இருக்கக் கூடாது. அந்தப் பெண் இதையெல்லாம் கையை ஆட்டி ஆட்டி விளக்கிவிட்டு, "எப்படிச் சொல்றது, கொழகொழன்னு, ஆனா ஒட்டாம..." என்று இழுத்தது.

கட்டிலிலிருந்து அம்மா, வாய் ஒரு பக்கம் இழுத்தபடி சொன்னாள்: "கூ... பதம்."

கூழ்ப் பதம். அவ்வளவுதான் விஷயம். தாளில் அந்த ஒரு வார்த்தை இருந்திருந்தால் அன்றைய இருமல் இல்லை.

அன்றிலிருந்து இந்த மென்மை என்கிற சொல்மேல் எனக்கு ஒரு கோபம். அதன் அண்ணன் சாஃப்ட்மேல் அதைவிடக் கோபம். சமையல் வீடியோக்களில் சப்பாத்தியும் சாஃப்ட், கேசரியும் சாஃப்ட், கேக்கும் சாஃப்ட், மட்டனும் சாஃப்ட். இந்த நாலையும் கண்ணை மூடிக்கொண்டு தொட்டுப் பார்த்தால்கூட வேறு வேறு என்று விரல் சொல்லும். நான் தனித்தமிழ் ஆள் இல்லை, இந்தப் பதிவிலேயே எத்தனை இங்கிலீஷ் வார்த்தை கிடக்கிறது பாருங்கள். என் குறை வேறு. நம் அடுக்களையில் இதற்குத் தனித்தனியாகச் சொற்கள் இருக்கின்றன. அவற்றை எழுத்தில் வைத்தால் மட்டும் ஏதோ கொச்சை என்று கூச்சப்படுகிறோம்.

எங்கள் வீட்டு வழக்கையே எடுத்துக்கொள்கிறேன். ராமநாதபுரம் பக்கம். இட்லி மெத்து மெத்தென்று இருக்கும், அழுத்தினால் திரும்பி எழும். பூரி புசுபுசுவென்று இருக்கும், உள்ளே காற்று. ரசத்தில் ஊறிய வடை பொதபொத. அதுவே ராத்திரி முழுக்கக் கிடந்தால் சொதசொத. மழை பெய்த மறுநாள் கொல்லை சதசத. எவர்சில்வர் பாத்திரத்தில் எண்ணெய் போகாவிட்டால் பிசுபிசு. வாழைப்பழம் கனிந்தால் நன்று, அதையும் தாண்டினால் நொளநொள. இதில் எதை எடுத்து எதன் இடத்தில் வைத்தாலும் வீட்டில் சிரிப்பார்கள்.

இந்தக் கூட்டத்தில் எனக்கு ரொம்பப் பிடித்தது குழைவு. சோறு குழையும். கொத்தனார் சாந்தைக் குழைப்பார். சந்தனம் குழைப்போம். நாய் வாலைக் குழைக்கும். காரியம் ஆக வேண்டுமென்றால் மனிதனும் குழைந்து பேசுவான். கெட்டியாக இருந்த ஒன்று தன் விறைப்பை விட்டுக்கொடுப்பதுதான் எல்லா இடத்திலும் நடக்கிறது. "மோப்பக் குழையும் அனிச்சம் முகந்திரிந்து நோக்கக் குழையும் விருந்து" என்று 90ஆவது குறள். மோந்தால் அனிச்சம் வாடும், நாம் முகம் மாறிப் பார்த்தால் விருந்தாளி வாடுவார். வாடுதல் என்றே உரை சொல்லிக் கொடுத்தார்கள், சரிதான். ஆனால் குழைந்த சோற்றைப் பார்த்த கைக்கு அந்த இடத்தில் இன்னும் கொஞ்சம் கூடுதலாகத் தெரியும். வாசலில் நிமிர்ந்து வந்த ஆள் அப்படியே தொய்ந்து போவது கண்ணில் வரும்.

குழைந்தால் நல்லது, கொழகொழத்தால் கெட்டது. ஒரே அரிசி, அரை தம்ளர் தண்ணீர் கூட. குழைந்த சோற்றில் பருப்பும் நெய்யும் விட்டுக் குழந்தைக்கு ஊட்டுவோம். கொழகொழத்த சோற்றைப் பார்த்து மாமியார் ஒன்றும் சொல்லாமல் எழுந்து போவார். (என் மாமியார் சொல்லிவிட்டே எழுந்து போவார்.) ஒரு உகரத்தைச் சேர்த்தால் பாருங்கள், கொழுகொழு என்று ஆகிவிடும். அப்போது அது தொடையில் மடிப்பு விழுந்த ஆறு மாசக் குழந்தை, ஊரே தூக்கிக் கொஞ்சும்.

கொழகொழவுக்கு மட்டும் என்ன பாவம்? வெண்டைக்காய்தான் காரணம் என்று நினைக்கிறேன். அந்தக் காய்க்குள் இருப்பது நீண்ட சர்க்கரைச் சங்கிலிகள். தண்ணீர் பட்டால் ஊதிக்கொண்டு கோழையாக நூலிழுக்கும். அதனால்தான் கழுவித் துடைத்துவிட்டு நறுக்கச் சொல்வார்கள், வதக்கும்போது கொஞ்சம் புளித்தண்ணீரோ தயிரோ விடச் சொல்வார்கள். புளிப்பு பட்டால் நூல் அறும். நாம் இவ்வளவு பாடுபட்டு ஒழிக்கிற இந்தக் கொழகொழப்புக்காகவே அமெரிக்காவின் லூசியானாவில் கம்போ என்ற குழம்பில் வெண்டைக்காயைப் போடுகிறார்கள், குழம்பு கெட்டிப்படுவதற்கு. ஜப்பானில் இன்னும் ஒரு படி மேலே. நூலிழுக்கிற பதத்துக்கு அவர்கள் சொல் நெபநெப. அது அங்கே பாராட்டு. வெண்டைக்காயையும் நொதித்த சோயாவையும் நெபநெபவென்று இருக்கிறது என்று ரசித்துச் சாப்பிடுகிறார்கள். குலுங்குகிற புட்டிங்குக்கு அவர்களிடம் வேறு சொல், புருபுரு.

நாமோ கொழகொழவைச் சாப்பாட்டிலிருந்து எடுத்துப் பேச்சின்மேல் ஏற்றிவிட்டோம். பிடிகொடுக்காமல் பேசுகிறவனை வழவழா கொழகொழா என்கிறோம். நல்ல வசவு, நானும் தாராளமாகப் பயன்படுத்துவேன். வேடிக்கை என்னவென்றால், "மென்மையான உணவு" என்று எழுதிக் கொடுத்த தாள்தான் வழவழா கொழகொழா. கொழகொழ என்கிற சொல்லோ கறாரானது, எந்தப் பதம் என்று கரண்டியோடு காட்டிவிடுகிறது.

தளதள கொஞ்சம் நாடோடி. உலை தளதளவென்று கொதிக்கும், தக்காளி தளதளவென்று பழுத்திருக்கும், மழைக்குப் பின் கீரைப்பாத்தி தளதளக்கும். உள்ளே நீர் முட்டிக்கொண்டு நிற்கிறது, தோல் எப்படியோ தாங்குகிறது என்கிற இடத்தில் எல்லாம் வரும். பெண்களைப் பார்த்துச் சொல்கிறவர்களும் உண்டு. அவர்கள் தக்காளியோடு நிறுத்திக்கொள்ளலாம். எழுத்தை மாற்றித் தழதழ என்றால் அழுகை முட்டிய குரல். அதுவும் தாங்க முடியாத நீர்தான்.

பள்ளிக்கூடத்தில் இரட்டைக்கிளவி என்று இரண்டு மதிப்பெண்ணுக்குப் படித்தோம். "இரட்டைக் கிளவி இரட்டிற் பிரிந்திசையா" என்கிறது தொல்காப்பியம். பிரித்தால் பொருள் தராது. கொழ என்றால் ஒன்றுமில்லை. கொழகொழ என்றால் கையில் ஒட்டுகிறது. உதாரணம் எழுதச் சொன்னால் எல்லாரும் சலசல, மளமள, முடிந்தது. அடுக்களையிலிருந்து யாரும் உதாரணம் எடுத்ததாக எனக்கு நினைவில்லை.

ஏன் இரட்டிக்க வேண்டும் என்பதற்கு என் சொந்தக் கணிப்பு ஒன்று உண்டு, இலக்கணம் படித்தவர்கள் திட்டினால் வாங்கிக்கொள்கிறேன். குலுங்குகிற பொருள் ஒருமுறை அசைந்து நிற்பதில்லை. போய் வரும். நாக்கும் போய் வருகிறது. மலாய்க்காரர்கள் கடல்பாசிக்கு வைத்த பெயரைப் பாருங்கள், அகர்-அகர். அதுவும் இரட்டை.

கடல்பாசி என்றதும் ஒன்று சொல்லியாக வேண்டும். எங்கள் பக்கத்தில் மண்டபம், பாம்பன் கரையோரக் கிராமங்களில் பெண்கள் கடலில் முங்கிப் பாசி எடுப்பார்கள். மரிக்கொழுந்துப் பாசி, கஞ்சிப்பாசி என்று வகை பிரிப்பார்கள். பெயரிலேயே கஞ்சி. இந்த வகைப் பாசிகளிலிருந்துதான் அகர் எடுக்கிறார்கள். நூறு பங்கு தண்ணீருக்கு ஒன்றரைப் பங்கு அகர் போதும், முழுத் தண்ணீரும் உறைந்து நின்றுவிடும். 1881இல் ஜெர்மனியில் ராபர்ட் கோக்கின் ஆய்வுக்கூடத்தில் கிருமி வளர்க்க ஜெலட்டினைப் பயன்படுத்தினார்கள். கோடையில் அது உருகி ஓடியது, போதாக்குறைக்குச் சில கிருமிகள் அதையே தின்று கரைத்தன. அங்கே வேலை பார்த்த வால்தர் ஹெஸ்ஸெயின் மனைவி ஃபேனி ஹெஸ்ஸெதான் அகரைப் போட்டுப் பாருங்கள் என்றார். தன் வீட்டு ஜெல்லிகளுக்கு அவர் போடுவது அதைத்தான். ஜாவாவில் இருந்துவிட்டு வந்த டச்சுக்காரர்களிடமிருந்து கற்றது. அகர் 40 டிகிரிக்குக் கீழே உறையும், திரும்ப உருக 85 டிகிரி வேண்டும். இன்றைக்கும் ஆய்வுக்கூடத் தட்டுகளில் குலுங்குவது அதுதான்.

நம் பாடப்புத்தகக்காரர்களையும் ஒரு இடத்தில் பாராட்ட வேண்டும். நுண்ணிய துகள்கள் கரையாமல் பரவி நிற்கிற, பால் மாதிரியான கலவைகளுக்கு 1861இல் தாமஸ் கிரஹாம் என்ற வேதியியல்காரர் பசை என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து கொலாய்டு என்ற பெயரை உண்டாக்கினார். அதைத் தமிழாக்கியவர்கள் பசையைத் தேடிப் போகவில்லை, கூழ்மம் என்று வைத்தார்கள். கூழ் குடித்த ஆள் யாரோ வைத்த பெயர். கூச்சப்படாமல் இப்படி எழுதத் தெரிந்தவர்களுக்கு ஒரு உணவுத்தாள் எழுதுவது பெரிய காரியமா?

அம்மா கதைக்கு வருகிறேன். ரம்ஜானுக்குப் பக்கத்து வீட்டு அக்கா ரோஸ் நிறத்தில் கடல்பாசி இனிப்பு கொடுத்தார். குலுங்குகிறதே, வழுக்கிக்கொண்டு இறங்குமே என்று எனக்கு ஒரே சந்தோஷம். பயிற்சிப் பெண்ணிடம் போனில் கேட்டேன். வேண்டவே வேண்டாம் என்றது. கடல்பாசி வாயில் உருகாது, துண்டு துண்டாக உடைந்து ஆளுக்கொரு பக்கம் ஓடும். ஜெலட்டின் ஜெல்லி என்றால் வாய்ச் சூட்டில் உருகித் தண்ணீராகிவிடும், அதுவும் ஆபத்து. (உங்கள் வீட்டில் இப்படி யாராவது இருந்தால் என் பதிவை நம்பிச் சமைக்காதீர்கள், விழுங்குவதைப் பார்க்கிறவர்களிடம் கேளுங்கள்.) ஆக, குலுங்குவதிலும் மூன்று சாதி. உடைவது, உருகுவது, சேர்ந்தே இறங்குவது. அம்மாவுக்கு மூன்றாவது. கேழ்வரகுக் கூழ், குழைய வேகவைத்து மசித்த பருப்புச் சோறு. மாசக்கணக்கில் அதுதான்.

பேச்சுக்குத் தினம் ஒரு பயிற்சி உண்டு. ப-ப-ப, த-த-த, க-க-க என்று வேகமாகச் சொல்ல வேண்டும். அம்மாவுக்கு அதில் வெறுப்பு. நான் என்ன குழந்தையா என்று முகத்தைத் திருப்பிக்கொள்வாள். ஒருநாள் விளையாட்டாக மாற்றிக் கொடுத்தேன். பொதபொத, சதசத, தளதள. சிரித்துக்கொண்டே சொன்னாள். பயிற்சிப் பெண்ணும் சரி என்றது. கொழகொழ மட்டும் ரொம்ப நாள் கொய்யகொய்ய என்றே வந்தது.

இந்த ஏப்ரலில் நுங்கு வந்தது. அப்போது அம்மா 5ஆம் படிக்கு ஏறியிருந்தாள். நுங்குக்குள் இருக்கிற தண்ணீரை வடித்துவிட்டு, சதையைத் தோல் சீவி நன்றாக மசித்து, கூழில் கலந்து கொடுக்கலாம் என்று அனுமதி வாங்கினேன். மிக்சியில் ஒரு சுற்று. முதல் கரண்டியை வாயில் வைத்தாள். மெதுவாக விழுங்கினாள். இருமல் இல்லை. என்னை ஏற இறங்கப் பார்த்தாள்.

"ஏத்தா, நுங்குன்னா தளதளன்னு இருக்கணும். சதசதன்னு அடிச்சு வச்சிருக்க."

சொல்லிவிட்டு அடுத்த கரண்டிக்கு வாயைத் திறந்தாள்.