ஸ்மோக்துனோவ்ஸ்கி இழந்த பத்து ஆண்டுகள்

"துன்பம்தான் கலைஞனைப் புடம் போடுகிறது" என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வந்துவிடும். உடனே இன்னொகெந்தி ஸ்மோக்துனோவ்ஸ்கியைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிடுவேன்.

கோசின்ட்செவ் 1964இல் எடுத்த ரஷ்ய 'ஹாம்லெட்'டில் ஹாம்லெட்டாக நடித்தவர் இவர். அதில் ஒரு காட்சியை எத்தனை முறை பார்த்தேன் என்று கணக்கில்லை. வேவு பார்க்க வந்த பழைய சிநேகிதனிடம் ஒரு குழலை நீட்டி வாசிக்கச் சொல்வார். தெரியாது என்பான் அவன். இந்தச் சின்னக் குழலையே வாசிக்கத் தெரியாத நீ, என்னை வாசித்துவிடலாம் என்று எப்படி நினைத்தாய் என்று கேட்பார். கத்த வேண்டிய இடம். அவர் கத்தமாட்டார். கேட்கிற நமக்குத்தான் உடம்பு கூசும்.

1925இல் சைபீரியக் கிராமம் ஒன்றில் பிறந்தவர். பஞ்ச காலத்தில் கிராஸ்நயார்ஸ்க் நகரத்தில் இருந்த அத்தை வீட்டில் வளர்ந்தார். 1943இல், 18 வயதில், போர்முனைக்குப் போனார். கூர்ஸ்க் சண்டையில் இருந்தார். அந்த ஆண்டுக் கடைசியில் கீவ் அருகே ஜெர்மானியர்களிடம் சிக்கினார். ஒரு மாதம் போல முகாம்களில் கிடந்து, கைதிகளை நடத்திக் கூட்டிப்போகும்போது தப்பினார். ஓர் உக்ரேனியக் குடும்பம் அவரை வீட்டுக்குள் சேர்த்து மறைத்து வைத்தது. தெரிந்தால் மொத்தக் குடும்பத்தையும் சுட்டிருப்பார்கள். உடம்பு தேறியதும் கெரில்லாக்களோடு சேர்ந்தார், அப்புறம் மறுபடி செஞ்சேனை. வீரத்துக்கான பதக்கத்தோடு போரை முடித்தார்.

சரி, ஊர் திரும்பியவருக்கு என்ன கிடைத்தது? எதிரியிடம் பிடிபட்டவன் என்ற சந்தேகம். பெரிய நகரங்களில் குடியிருக்கத் தடை. அதனால் 1946இல் நரீல்ஸ்க் போனார். ஆர்க்டிக் வட்டத்துக்குள், கைதிகளின் உழைப்பில் எழுந்த ஊர். இதற்கு மேல் தொலைவாக நாடு கடத்த இடமில்லை என்பதால்தான் போனேன் என்று பின்னாளில் அவரே சொல்லியிருக்கிறார். அங்கே ஒரு நாடகக் குழுவில் சில ஆண்டுகள். பிறகு மகாச்கலா, ஸ்டாலின்கிராட். 1955இல் மாஸ்கோ வந்தபோது எந்தப் பெரிய நாடக அரங்கமும் அவரைச் சேர்த்துக்கொள்ளவில்லை.

லெனின்கிராட் பெரிய நாடக அரங்கத்தின் இயக்குநர் தோவ்ஸ்தனோகவ்தான் கடைசியில் அவரை அடையாளம் கண்டார். 1957 டிசம்பர் 31 அன்று தஸ்தயேவ்ஸ்கியின் 'அசடன்' மேடையேறியது. அதன் நாயகன், கனிவே உருவான மிஷ்கினாக ஸ்மோக்துனோவ்ஸ்கி. ஒரே நாடகத்தில் நாடறிந்த நடிகரானார். அப்போது வயது 32.

இருபதிலிருந்து முப்பது வரை, ஒரு நடிகனின் உடம்பும் குரலும் எதற்கும் தயாராக இருக்கிற பத்து ஆண்டுகள் அப்படியே போயின. அவர் நடித்திருக்கக்கூடிய எத்தனையோ பாத்திரங்கள் நமக்குக் கிடைக்கவில்லை. அவருடைய மிஷ்கினைப் புடம் போட்டது முகாம் என்று நான் நம்பமாட்டேன். யாரென்றே தெரியாத பையனுக்காக ஒரு குடும்பம் கதவைத் திறந்ததே, மிஷ்கினின் கனிவு அந்த வாசலில்தான் அவருக்குக் கிடைத்திருக்கும் என்பது என் எண்ணம். முகாமும் தடையும் அவரிடமிருந்து எடுத்துக்கொண்டவை மட்டும்தான்.

இதில் இன்னொருவரையும் சொல்ல வேண்டும். கியோர்கி ஷ்ஜோனவ். பொய்க் குற்றச்சாட்டில் கைதாகி சோவியத் கட்டாய உழைப்பு முகாம்களில் ஆண்டுக்கணக்கில் கிடந்து, மறுபடி நாடு கடத்தப்பட்டு நரீல்ஸ்க் வந்த நடிகர். இருவரும் ஒரே மேடையில் நடித்தார்கள்.

ரியாசானவ் 1966இல் ஒரு நகைச்சுவைப் படம் எடுத்தார். லஞ்சக்காரர்களின் கார்களைத் திருடி விற்று, அந்தப் பணத்தை அநாதை இல்லங்களுக்கு அனுப்புகிற அப்பாவியாக ஸ்மோக்துனோவ்ஸ்கி நடித்தார். ராத்திரியில், திருட்டுக் காரில் போகும் அவரை மோட்டார் சைக்கிளில் விரட்டுகிற போக்குவரத்துப் போலீஸ்காரர் ஷ்ஜோனவ். அரங்கம் முழுக்கச் சிரிக்கிற காட்சி அது. எனக்கு மட்டும், நரீல்ஸ்க் பனியிலிருந்து உயிரோடு வந்து சேர்ந்த இரண்டு பேர் அந்தச் சாலையில் போகிறார்கள் என்றுதான் தோன்றும்.