ஆறு வாரத்தில் சோளம்கூடக் கதிர் வாங்காது

"மூணு தலைமுறையா கோர்ட்டுப் படி மிதிக்காத குடும்பம் நம்முளுது." எங்கள் ஐயன் அடிக்கடி சொல்லும் வார்த்தை இது. அவிநாசிப் பக்கம் இரண்டு ஏக்கர் சொச்சத்தை ஓர் அரசுத் திட்டத்துக்கு எடுத்தபோது அந்தப் பெருமைதான் எங்களுக்கு வினையானது.

1996. பழைய 1894 நில எடுப்புச் சட்டம் இருந்த காலம். நில எடுப்பு தாசில்தார் ஆபீசில் காட்டிய இடத்தில் எல்லாம் ஐயன் கையெழுத்துப் போட்டார். 'ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று ரசீதில் ஒரு வரி எழுதி, ஆறு வாரத்துக்குள் 18-ஆம் பிரிவில் மனுக் கொடுத்திருந்தால் இழப்பீட்டு விவகாரம் சப் கோர்ட்டுக்குப் போயிருக்கும். கிணற்றுக்குப் போட்ட தொகை மோட்டாருக்குக்கூடக் காணாது. அது தெரிந்தும் பேசாமல் வந்துவிட்டார். கேஸ் போட்டால் கொடுத்ததையும் பிடுங்கிவிடுவார்கள் என்ற பயம். கலெக்டர் தந்ததைவிடக் குறைவாகக் கோர்ட்டு தீர்ப்புச் சொல்லக்கூடாது என்று அதே சட்டத்தின் 25-ஆம் பிரிவில் இருந்ததை எங்களுக்கு யாரும் சொல்லவில்லை.

பக்கத்துத் தோட்டத்துக்காரர் கேஸ் போட்டார். வருசங்கள் கழித்து ஜெயித்தார். கூட்டிய விலை, கட்டாயமாக நிலத்தை எடுத்ததற்காக அதன்மேல் 30 சதவீத ஆறுதல் தொகை, முதல் வருசத்துக்கு 9 சதவீதம், அப்புறம் 15 சதவீதம் வட்டி. அப்போதும் எங்களுக்கு ஒரு கதவு திறந்தே இருந்தது. 28ஏ பிரிவு. ஒரே அறிவிப்பில் நிலம் போனவர்களில் ஒருவருக்குக் கோர்ட்டு கூட்டிக் கொடுத்தால், கேஸே போடாத மற்றவர்களும் அதே விலை கேட்கலாம். ஆனால் தீர்ப்பு வந்த மூன்று மாதத்துக்குள் கேட்க வேண்டும், நகல் வாங்க ஆகும் நாள் மட்டும் கழிவு. எங்களுக்குச் சேதி வந்தது ஐந்தாவது மாதம், ஒரு கல்யாணப் பந்தியில். வக்கீல் காகிதத்தைப் பார்த்தார், விரல்விட்டு மாதத்தை எண்ணினார், மடித்து ஐயன் கையிலேயே திருப்பிக் கொடுத்துவிட்டார்.

"தூங்கிட்டு இருந்துட்டு இப்ப வந்து கேக்கறாங்க" என்று பேசுகிறவர்களைப் பார்த்தால் எனக்கு வயிறு எரிகிறது. யார் தூங்கினார்கள்? பட்டா அப்பாரு பேரில். பங்காளிகள் நாலு பேர், அதில் ஒருவர் திருப்பூர் பனியன் கம்பெனியில் ராத்திரி சிப்ட். அத்தை கையெழுத்துக்கு ஒரு நடை, வாரிசுச் சான்றுக்குப் பத்து நடை. வீட்டுக்கு வந்த நோட்டீசை ஐயன் மூன்று முறை படித்தார். சர்வே நம்பர் இருந்தது, உட்பிரிவு இருந்தது. எத்தனை நாளுக்குள் எங்கே மனுக் கொடுக்கலாம் என்ற வரி மட்டும் இல்லை. நிலத்தை எடுக்கிற அரசு, அந்தக் கெடுவைக் கொட்டை எழுத்தில் நோட்டீசின் தலையில் அச்சடிக்க வேண்டும். இதைக்கூடக் கேட்க எங்களுக்கு உரிமை இல்லையா?

புதிய 2013 நில எடுப்புச் சட்டத்திலும் 64-ஆம் பிரிவில் அதே ஆறு வாரம்தான். அவார்டு, அதாவது கலெக்டரின் இழப்பீட்டு உத்தரவு, சொல்லும்போது நீங்கள் ஆஜராகாதிருந்தால், நோட்டீசு கைக்கு வந்து ஆறு வாரம் அல்லது அவார்டிலிருந்து ஆறு மாதம், எது முந்துகிறதோ அது. தக்க காரணம் காட்டினால் கலெக்டர் மேற்கொண்டு ஒரு வருசம் வரை ஏற்கலாம். அதை நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள். தேசிய நெடுஞ்சாலைக்குப் போன நிலத்துக்குப் பாதையே வேறு. 1956 தேசிய நெடுஞ்சாலைச் சட்டப்படி நடுவரிடம் போக வேண்டும், பெரும்பாலும் கலெக்டர்தான் நடுவர். அவர் உத்தரவை எதிர்க்க மூன்று மாதம், காரணம் இருந்தால் இன்னும் 30 நாள். அதற்குமேல் ஒரு நாள்கூடக் கோர்ட்டு தராது.

போன தை மாசம் கொடுமுடிப் பக்கத்து மாமா ஒருவர் நோட்டீசு உறையோடு வந்தார். வாங்கிய தேதியைப் பார்த்து எண்ணினோம். ஆறு வாரத்தில் 33 நாள் ஓடியிருந்தது, மிச்சம் 9.

"மஞ்சள் வேக வெச்சு முடிச்சுட்டுப் போலாம் கண்ணு."

"வேண்டாமுங்க மாமா. இன்னைக்கே போயிரலாம், வாங்க."

வக்கீல் ஆபீசில் மனுவை டைப் அடித்து முடிக்கவே மத்தியானம் ஆகிவிட்டது. கலெக்டர் ஆபீசுத் தபால் பிரிவில் மனுவின் நகல் மேல் தேதியோடு சீல் குத்திக் கொடுத்தார்கள். மாமா அந்த மை காயும்வரை ஊதிக்கொண்டே நின்றார்.