சலுகை வரியும் மறுக்கும் உரிமையும்

2025 ஜூலையில் இந்தியாவும் பிரிட்டனும் வணிக ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டதிலிருந்து ஒரு பேச்சு அடிக்கடி காதில் விழுகிறது. பேரரசுக் காலத்திலேயே இரண்டு நாடுகளும் வரிச் சலுகை கொடுத்து வாங்கித்தானே வணிகம் செய்தன, இதில் புதிதாக என்ன இருக்கிறது என்று கேட்கிறார்கள். எனக்கு இதைக் கேட்டால் கோபம்தான் வருகிறது. சலுகை இருந்தது உண்மை. ஆனால் யாரால் "முடியாது" என்று சொல்ல முடிந்தது, யாரால் முடியவில்லை என்பதை விட்டுவிட்டு அந்தக் கதையைச் சொல்லவே கூடாது.

அப்போது பிரிட்டிஷ் பேரரசில் இருந்த கனடாவைப் பாருங்கள். 1859ல் அங்கே நிதி அமைச்சராக இருந்த அலெக்சாண்டர் கால்ட், வெளியிலிருந்து வரும் ஆலைப் பொருட்களுக்கு 20 சதவீத வரி போட்டார். பிரிட்டிஷ் சரக்குக்கும் அதே வரிதான். கத்தி, எஃகு சாமான்கள் செய்யும் ஷெஃபீல்டு நகர வணிகர்கள் கொதித்துப்போய் லண்டனுக்குப் புகார் அனுப்பினார்கள். கால்ட் அசரவில்லை. கனடா மக்கள் மேல் என்ன வரி போடுவது என்பதைக் கனடாவின் சட்டமன்றம்தான் முடிவு செய்யும், லண்டன் சொல்படி நடந்தால் அப்புறம் தன்னாட்சி எதற்கு என்று பதில் எழுதினார். வரி நிலைத்தது.

அதற்கு 20 வருடம் கழித்து இந்தியாவில் என்ன நடந்தது? தென்னிந்தியாவில் லட்சக்கணக்கானோரைப் பலிகொண்ட 1876-78 பஞ்சம் அப்போதுதான் ஓய்ந்திருந்தது. அரசுக்கு ஒவ்வொரு ரூபாயும் தேவைப்பட்ட நேரம். இறக்குமதித் துணிக்கு இருந்தது வெறும் 5 சதவீத வரி. அதுவும் மான்செஸ்டர் ஆலை முதலாளிகளின் கண்ணை உறுத்தியது. 1879ல் வைஸ்ராய் லிட்டன், தன் நிர்வாக சபையில் பெரும்பாலானோர் எதிர்த்தும் கேட்காமல், முரட்டுத் துணி ரகங்களுக்கு வரியை எடுத்துவிட்டார். 1882ல் உப்பு, மது போன்ற சிலவற்றைத் தவிர மற்ற எல்லா இறக்குமதி வரிகளும் போயின.

இதைவிட மோசமானது 1896ல் வந்தது. ரூபாயின் மதிப்பு சரிந்து கஜானா காய்ந்ததால் 1894ல் மறுபடியும் இறக்குமதி வரி போட வேண்டியிருந்தது. மான்செஸ்டரைச் சுற்றியுள்ள துணி ஆலைப் பகுதியான லங்காஷயர் சும்மா இருக்குமா? கடைசியில் இறக்குமதித் துணிக்கு 3.5 சதவீதம் என்று குறைத்தார்கள். கூடவே இந்திய ஆலையில் நெய்த துணிக்கும் அதே 3.5 சதவீதம் கலால் வரி விதித்தார்கள். கப்பலில் வந்து இறங்கும் 100 ரூபாய்த் துணிக்கு மூன்றரை ரூபாய் என்றால், பம்பாயில் நெய்த 100 ரூபாய்த் துணிக்கும் மூன்றரை ரூபாய். சொந்த நாட்டில், சொந்த நாட்டு மக்கள் உடுத்தும் துணிக்கு, போட்டியாளரின் மனம் கோணக்கூடாது என்பதற்காக ஒரு வரி. லங்காஷயர் அனுப்பாத மட்ட ரகத் துணிக்கும் அது உண்டு. அதை உடுத்தியவர்கள் ஏழைகள். சென்னையில் வெள்ளைக்காரர்களே நடத்திய பக்கிங்ஹாம், கர்நாடிக் ஆலைகளும் இந்த வரியைக் கட்டின. முதலாளி எந்த நாட்டுக்காரர் என்பது ஒரு பொருட்டில்லை, ஆலை இந்திய மண்ணில் இருந்ததுதான் குற்றம். 1925 டிசம்பரில்தான் இந்த வரி நிறுத்தப்பட்டது. ஏறக்குறைய 30 வருடம்!

பேரரசு நாடுகள் தங்களுக்குள் குறைந்த வரியும் மற்ற நாடுகளுக்குக் கூடுதல் வரியும் போடுவதுதான் பேரரசுச் சலுகை என்ற திட்டம். இந்தப் பின்னணியோடு பார்த்தால்தான் அது புரியும். 1903ல் பிரிட்டிஷ் அமைச்சர் ஜோசப் சேம்பர்லின் பர்மிங்ஹாமில் அதை முழங்கியபோது, வைஸ்ராய் கர்சன் தலைமையிலான இந்திய அரசே இதில் இந்தியாவுக்குப் பெரிய லாபம் இல்லை என்றுதான் எழுதியது. ஆனாலும் திட்டம் கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே நுழைந்தது. 1919ல் பதனிடாத தோல் ஏற்றுமதிக்கு 15 சதவீத வரி வந்தது. தோல் இங்கேயே தங்கும், நம் ஊர்த் தொழில் வளரும் என்பது கணக்கு. வாணியம்பாடி, ஆம்பூர் பக்கத்துத் தோல் தொழிலை அறிந்தவர்களுக்கு இது எவ்வளவு பெரிய விஷயம் என்று தெரியும். ஆனால் அந்தத் தோலைப் பேரரசுக்குள் எங்கே பதனிட்டாலும் வரியில் மூன்றில் இரண்டு பங்கு தள்ளுபடி. அதாவது பிரிட்டிஷ் தோல் ஆலைக்குப் போகும் சரக்குக்கு 5 சதவீதம்தான். நம்மைக் காப்பதற்கென்று போட்ட வேலியில் அவர்களுக்கு மட்டும் ஒரு வாசல்! 1923ல் அந்தத் தள்ளுபடியை நீக்கிவிட்டு, எல்லோருக்கும் 5 சதவீதம் என்று ஆக்கினார்கள். 1930ல் பிரிட்டிஷ் துணிக்கு 15, மற்ற நாட்டுத் துணிக்கு 20 சதவீதம் என்று வந்தபோது மதன் மோகன் மாளவியா மத்திய சட்டசபையை விட்டே வெளியேறினார்.

அப்புறம் 1932, பேரரசு நாடுகள் வரிச் சலுகை பற்றிப் பேசக் கனடாவில் கூடிய ஒட்டாவா மாநாடு. இந்தியக் குழுவில் ஒரு தமிழர் இருந்தார், கோயம்புத்தூர் ஆர்.கே. சண்முகம் செட்டியார். பின்னாளில் சுதந்திர இந்தியாவின் முதல் நிதி அமைச்சர் ஆனவர். ஒட்டாவாவில் விலைபோய்விட்டார் என்று அவரைத் திட்டியவர்கள் உண்டு. 1934 தேர்தலில் காங்கிரஸ் வேட்பாளரிடம் அவர் தோற்றதில் இதற்குப் பங்கு உண்டு. நான் அவரை அப்படித் திட்ட மாட்டேன். அந்த வருடம்தான் பிரிட்டன் இறக்குமதிகளுக்குப் பொதுவாக 10 சதவீத வரி போட்டிருந்தது. பேரரசு நாடுகளுக்கு அதிலிருந்து விலக்கு, ஆனால் இந்தியாவுக்கும், கனடா போன்ற தன்னாட்சி பெற்ற டொமினியன்களுக்கும் அது நவம்பர் 15 வரைதான். அதற்குள் உடன்பாடு வராவிட்டால் நம் சரக்குக்கும் வரி விழும். கழுத்தில் கத்தி வைத்துக் கேட்டால் யார்தான் பேரம் பேச முடியும்? இந்தியா பெருவாரியான பிரிட்டிஷ் பொருட்களுக்கு 10 சதவீதமும், மோட்டார் வண்டிகளுக்கு 7.5 சதவீதமும் வரி வித்தியாசம் கொடுத்தது, அதாவது மற்ற நாட்டுச் சரக்கைவிட அவ்வளவு குறைவான வரி. பதிலுக்கு ஆளிவிதைக்கு நல்ல பலன் கிடைத்தது, அதை மறுக்கவில்லை. தேயிலைக்கும் சலுகை இருந்தது. ஆனால் தேயிலைத் தோட்டங்கள் பெரும்பாலும் யார் கையில் இருந்தன என்பதையும் சேர்த்தே பார்க்க வேண்டும்.

இலங்கையில் நடந்தது இன்னும் அப்பட்டம். ஜப்பான் துணி மலிவாக வந்துகொண்டிருந்தது, ஏழைகள் அதை வாங்கினார்கள். லங்காஷயரைக் காப்பாற்ற அதற்கு ஒதுக்கீட்டு வரம்பு விதிக்கச் சொல்லி 1934ல் லண்டன் உத்தரவு போட்டது. சர்வஜன வாக்குரிமையில் தேர்ந்தெடுக்கப்பட்ட அரசாங்க சபை அதை ஏற்கவில்லை. லண்டன் அரச ஆணை பிறப்பித்து வரம்பைத் திணித்தது. தோட்டத்தில் கொழுந்து பறித்த தமிழ்ப் பெண்ணின் சேலை விலையை உயர்த்திதான் மான்செஸ்டர் ஆலை பிழைக்க வேண்டியிருந்தது.

இந்தியாவிலும் இதே கதைதான். 1936ல் மத்திய சட்டசபை ஒட்டாவா ஒப்பந்தத்தை முடிக்கச் சொல்லி வாக்களித்தது. முறிக்கப்போவதாக அறிவிப்பும் போனது. ஆனாலும் புதிய ஏற்பாடு வரும்வரை சலுகைகள் தொடர்ந்தன. 1939ல் புதிய ஒப்பந்தம் வந்தது, சட்டசபை அதையும் நிராகரித்தது. வைஸ்ராய் தன் தனி அதிகாரத்தைப் பயன்படுத்தி அதை நடைமுறைக்குக் கொண்டுவந்தார். கால்ட் ஷெஃபீல்டுக்குப் பதில் எழுதி அப்போது 80 வருடம் ஆகியிருந்தது.