கிரைனர் ஏன் ரஷ்யாவுக்குப் போனார் என்று கேட்பவர்களுக்கு

அமெரிக்கக் கூடைப்பந்து வீராங்கனை பிரிட்னி கிரைனர் பற்றி எங்கே பேச்சு வந்தாலும் யாராவது ஒருத்தர் வந்து இதைக் கேட்டுவிடுகிறார்: "அமெரிக்காவில் சம்பாதிப்பது போதாதா? பணத்தாசை பிடித்து ரஷ்யாவுக்கு எதற்குப் போகணும்?" கேட்கிறவர் பெண்கள் கூடைப்பந்து பக்கமே எட்டிப் பார்க்காதவர் என்பது அந்த ஒரு வரியிலேயே தெரிந்துவிடும். பரவாயில்லை. பதில் கொஞ்சம் நீளும், பொறுமை இருந்தால் படியுங்கள்.

2022 பிப்ரவரி 17-ம் தேதி மாஸ்கோ ஷெரமெத்யெவோ விமான நிலையத்தில் கிரைனரைப் பிடித்தார்கள். பையில் கஞ்சா எண்ணெய் இருந்த வேப் குப்பிகள், ஒரு கிராம்கூடத் தேறாது. அதற்கு ஒன்பது வருடத் தண்டனை. டிசம்பர் 8-ம் தேதி அமெரிக்கா விக்டர் பூட் என்ற ரஷ்ய ஆயுத வியாபாரியை விடுவித்து இவரை மீட்டது. இதெல்லாம் எல்லோருக்கும் தெரியும். அவர் அங்கே சுற்றுலாவுக்குப் போகவில்லை, இடைவேளை முடிந்து வேலைக்குத் திரும்பிக்கொண்டிருந்தார் என்பதுதான் பலருக்குத் தெரிவதில்லை. யூரல் மலைப் பக்கம் எகாதெரின்பர்க் நகரத்து யூஎம்எம்சி அணியில் பல வருடங்களாக ஆடிக்கொண்டிருந்தவர் அவர். அங்கே சீசனுக்குப் பத்து லட்சம் டாலருக்கு மேல் என்று செய்திகள் வந்தன. அதே வருடம் அமெரிக்கப் பெண்கள் கூடைப்பந்து லீக்கான டபிள்யூஎன்பிஏவில் ஒரு வீராங்கனைக்குக் கொடுக்கக்கூடிய உச்சபட்ச சம்பளமே சுமார் 2,28,000 டாலர்தான்.

அமெரிக்கச் சீசன் மே மாதம் தொடங்கி அக்டோபரோடு முடிந்துவிடும். ஐரோப்பியச் சீசன் அக்டோபரில் தொடங்கி ஏப்ரல் வரை ஓடும். வார இறுதியில் உள்நாட்டு லீக், வார நடுவில் யூரோலீக் ஆட்டத்துக்கு இன்னொரு நாட்டுக்கு விமானம். துருக்கி, ஸ்பெயின், பிரான்ஸ், இத்தாலி, செக், ஹங்கேரி என்று பல நாட்டு கிளப்புகள் மோதும் லீக் அது. முன்னணி வீராங்கனைகள் இரண்டையும் சேர்த்து ஆடித்தான் பிழைத்தார்கள். ஓய்வு என்ற பேச்சுக்கே இடமில்லை.

உடம்பு என்ன விலை கொடுத்தது என்பதற்கு ஒரே ஒரு ஆட்டத்தைச் சொல்கிறேன். 2019 ஏப்ரல், யூரோலீக் இறுதிப்போட்டி. ஆஸ்திரிய எல்லையை ஒட்டிய ஷோப்ரோன் என்ற சின்ன ஹங்கேரிய ஊர். மோதுவது இரண்டு ரஷ்ய அணிகள், கூர்ஸ்க்கும் எகாதெரின்பர்க்கும். கூர்ஸ்க் அணியில் பிரியன்னா ஸ்டூவர்ட். முந்தைய வருடம் டபிள்யூஎன்பிஏவில் சியாட்டிலுக்குக் கோப்பை வாங்கித் தந்து, சீசனின் சிறந்த வீராங்கனை விருதும் வாங்கியவர். எகிறி ஷாட் எடுத்துவிட்டு இறங்கும்போது எதிரணி கிரைனரின் பாதத்தின் மேல் கால் விழுந்தது. ஸ்டூவர்ட்டின் வலது குதிகால் தசைநாண் அறுந்துபோனது. அடுத்த மாதம் தொடங்கிய அமெரிக்கச் சீசன் முழுவதும் அவருக்குப் போயிற்று. ஹங்கேரியில், ரஷ்ய முதலாளிகளின் இரண்டு அணிகளுக்காக ஆடிய இரண்டு அமெரிக்கப் பெண்கள் மோதியதில், அமெரிக்க லீக் தன் முதல் நட்சத்திரத்தை ஒரு வருடம் இழந்தது. குணமானதும் அவர் மறுபடி ரஷ்யாவுக்குத்தான் போனார். 2021-ல் எகாதெரின்பர்க்கோடு யூரோலீக் கோப்பையும் வென்றார். பைத்தியமா அவருக்கு? கணக்கு அப்படி.

இன்னொரு அமெரிக்க வீராங்கனை டயானா டாரஸி கதை இன்னும் கொடுமை. 2015-ல் எகாதெரின்பர்க் அவரிடம், "நீ அமெரிக்காவில் ஆடவே வேண்டாம், வீட்டில் ஓய்வெடு, அந்தச் சம்பளத்தை நாங்களே தருகிறோம்" என்றது. அமெரிக்காவில் அவருக்குக் கிடைத்துக்கொண்டிருந்தது சுமார் 1,07,000 டாலர். எகாதெரின்பர்க் தந்துகொண்டிருந்தது சுமார் 15 லட்சம் டாலர். அவர் அந்த வருடம் அமெரிக்காவில் ஆடவில்லை. சொந்த நாட்டு லீக்கை விட்டு ஒதுங்கியிருக்க வெளிநாட்டு கிளப் சம்பளம் தந்த கூத்து இது.

இனி அந்தப் பணத்தைப் பற்றி. டிக்கெட் விற்று வந்த காசு இல்லை அது. எகாதெரின்பர்க்கை நடத்தியது ஒரு செம்புச் சுரங்கக் கம்பெனி. அதற்கு முன்னால் 2007 முதல் 2010 வரை வரிசையாக நான்கு கோப்பை வாங்கிய மாஸ்கோ பிராந்திய ஸ்பார்டக் அணியை நடத்தியவர் ஷப்தாய் கல்மனோவிச். இஸ்ரேலில் சோவியத் உளவாளி என்று சிறை போய்வந்த மனிதர். டாரஸி, சூ பேர்ட் போன்ற அமெரிக்க வீராங்கனைகள் எல்லோரையும் மாஸ்கோவுக்கு வெளியே பங்களாவில் வைத்துச் சீராட்டினார். 2009 நவம்பரில் மாஸ்கோ தெருவில் காரில் போகும்போது அவரைச் சுட்டுக் கொன்றார்கள்.

இதை வைத்துத்தான் "பார்த்தீர்களா, பெண்கள் ஆட்டத்துக்குச் சந்தையே கிடையாது, யாரோ பணக்காரன் தயவில் ஓடுகிறது" என்று ஒரு கூட்டம் சொல்கிறது. பாதி சரி. ஆனால் டபிள்யூஎன்பிஏவை 1996-ல் ஆரம்பித்தது யார்? ஆண்கள் லீக்கான என்பிஏ. 2002 வரை எல்லா அணிகளுமே என்பிஏவின் சொத்தாகத்தான் இருந்தன. அங்கே அதற்குப் பெயர் முதலீடு, ரஷ்யாவில் செய்தால் பணக்காரன் தயவு! யூரோலீக் பழைய ஐரோப்பிய சாம்பியன்ஸ் கோப்பையாக இருந்த காலத்தில் லாட்வியாவின் ரீகா அணி 18 தடவை ஜெயித்தது. 1964 முதல் 1975 வரை ஒரு வருடம்கூட விடவில்லை. 2.13 மீட்டர் உயர உல்யானா செம்யோனோவா ஆடிய அணி. அதை வைத்திருந்தது ரீகா நகரத்து டிராம், டிராலிபஸ் ஓட்டும் நிறுவனம். நம் ஊரில் இது புரியாதவர் யார்? இங்கே கூடைப்பந்து ஆடும் பெண்ணுக்கு ரயில்வே வேலை என்பதுதானே கனவு. 2011-ல் டபிள்யூஎன்பிஏ அணிகள் தேர்வுக்கு அழைத்த கீது அன்னா ஜோஸ் சென்னையில் தெற்கு ரயில்வேக்கு ஆடியவர்தான்.

என் வருத்தம் தயவில் ஓடியதைப் பற்றி இல்லை. எல்லோரும் ஒரே பணப்பையை நம்பியிருந்ததைப் பற்றி. 2022-ல் உக்ரைன் போர் தொடங்கியதும் ரஷ்ய அணிகளை யூரோலீக்கிலிருந்து வெளியேற்றினார்கள். அது சரியான முடிவு, அதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் லீக்கில் அதிகச் சம்பளம் கொடுத்துக்கொண்டிருந்த கை ஒரே நாளில் இல்லாமல் போயிற்று. அந்த ஏப்ரலில் கோப்பையை ஷோப்ரோன் தூக்கியது. சின்ன ஊர் ஜெயித்ததில் எனக்கு அவ்வளவு சந்தோஷம். பிறகு இஸ்தான்புல்லின் ஃபெனர்பாச்சே இரண்டு வருடம், 2025-ல் பிராக்.

இன்னொரு வேடிக்கை உண்டு. யூரோலீக்கில் ஐரோப்பியர் அல்லாதவர்களுக்கு வரம்பு இருப்பதால் எகாதெரின்பர்க்கில் பஹாமாஸில் பிறந்த ஜோன்குவெல் ஜோன்ஸ் போஸ்னியக்காரர், அமெரிக்கரான கோர்ட்னி வாண்டர்ஸ்லூட் ஹங்கேரியக்காரர். பாஸ்போர்ட் அப்படித்தான் சொல்லும்.

எனக்குக் கோபம் வருவது அமெரிக்க லீக்கின் முன்னுரிமை விதியைப் பார்த்துத்தான். வீராங்கனைகளோடு போட்ட 2020 ஒப்பந்தத்தில் சம்பளத்தைக் கூட்டினார்கள், மறுக்கவில்லை. கூடவே இதையும் செருகினார்கள்: ஐரோப்பாவில் ஆடிவிட்டுத் தாமதமாக வந்தால் 2023-ல் அபராதம், 2024 முதல் அந்தச் சீசனே கிடையாது. வருடத்தில் பாதிக்குச் சம்பளம் கொடுக்கிறவர் மீதிப் பாதிக்கும் வேலி போடுவது என்ன நியாயம்? ஸ்டூவர்ட்டும் நஃபீஸா கோலியரும் சேர்ந்து 2025-ல் மயாமியில் அன்ரைவல்ட் என்ற மூவர் அணி லீக்கைத் தொடங்கினார்கள். ஆடுகிறவர்களுக்கே அதில் பங்கு உண்டு. ரஷ்யாவுக்குப் போக வேண்டியிராத ஒரு குளிர்காலத்தை அவர்களே உண்டாக்கிக்கொண்டார்கள். அதே 2025-ல் டபிள்யூஎன்பிஏ நட்சத்திர ஆட்டத்தில் எல்லோரும் "எங்களுக்குத் தர வேண்டியதைத் தா" என்று எழுதிய சட்டையோடு வந்து நின்றார்கள்.

"ஏன் போனார்" என்று கேட்பவர்கள் எம்மா மீசமனைப் பற்றி மட்டும் கேட்பதில்லை. பெல்ஜியக்காரர். அவரும் எகாதெரின்பர்க்கில்தான் ஆடினார், அமெரிக்காவுக்கும் வந்து வந்து போனார், 2019 டபிள்யூஎன்பிஏ இறுதித் தொடரின் சிறந்த வீராங்கனை அவரே. 2018-ல் அமெரிக்காவே வேண்டாம் என்று நாட்டு அணிக்காக ஒதுங்கியவர். 2025 ஜூனில் பெல்ஜியத்துக்கு ஐரோப்பியப் பட்டம் வாங்கித் தந்துவிட்டு ஆகஸ்டில் நியூயார்க் லிபர்ட்டியில் சேர்ந்தார். அங்கே ஏற்கெனவே ஸ்டூவர்ட்டும் ஜோன்ஸும் இருந்தார்கள். 2021-ல் எகாதெரின்பர்க்குக்குக் கோப்பை வாங்கிக் கொடுத்த மூவர், லிபர்ட்டி ஆடும் புரூக்ளினில் மறுபடி ஒரே அணியில் ஆடினார்கள்.